கேட்டா சொல்லிருவா

அவகிட்ட எதையும் கேட்டுறக் கூடாது. கேட்டா சொல்லிருவா. எங்க தெருவுல அம்புட்டுப் பேருக்கும் இது தெரியும். தெரிஞ்சும் கேப்பாளுக, கேட்டுட்டு மூஞ்சியத் தூக்கி வச்சிக்கிட்டுப் போவாளுக.

பேரு வேண்டாம். கோவில்பட்டி என்ன மெட்ராஸா? ஒரு பேரைச் சொன்னாப் போதும், எந்தத் தெரு, எந்த வீடு, மாடிப்படி எந்தப் பக்கம் இருக்குங்கற வரைக்கும் சொல்லிருவாவ. அதனால ‘அவ’ன்னே சொல்லுதேன். அவளுக்கும் எனக்கும் ஒறவெல்லாம் கெடையாது. எதுத்த வீடு, அம்புட்டுதான். நான் முன்னறையில தையல் மிஷின் போட்டு ரவிக்கை தைக்கேன். மிஷின்ல உக்காந்து தலையத் தூக்குனா அவ வீட்டு இரும்புக் கேட்டுதான் கண்ணுல படும். என்னைய விட பத்துப் பன்னெண்டு வயசு எளையவ. அக்கா அக்கான்னு கூப்பிடுவா.

எங்களுக்குள்ள மொதச் சண்டை வந்ததே அவ வாயாலதான். ஒரு கல்யாண வீட்டுக்காரி பெரிய பை நெறைய துணியோட வந்து எங்கிட்ட உக்காந்திருக்கா. வீட்டுப் பொம்பளைக எல்லாத்துக்கும் தைக்கணும், நல்ல சோலி. அந்த நேரம் பாத்து இவ உள்ள வாரா. வந்தவகிட்ட அந்தம்மா, "உங்களுக்கும் இவியதான் தைக்காவளா? எப்படித் தைப்பாவ?"ன்னு கேட்டுச்சு. "நல்லாத் தைப்பாவ. அவசரத்துல தந்தா மட்டும் கை இழுக்கும், இந்தா பாருங்க"ன்னு கையைத் தூக்கிக் காட்டுதா, கட்டையில போறவ. அந்தம்மா சிரிச்சுக்கிட்டே பையத் தூக்கிட்டுப் போயிருச்சு.

எனக்கு வந்துச்சு பாருங்க ஆத்திரம். "ஏட்டி, ஒரே ஒரு பொய் சொன்னா ஒன் வாய் வெந்தா போயிரும்?"னு கத்துதேன். அவ அசரல. "கேட்டாவளேக்கா"ங்கா.

"கேட்டா?"

"கேட்டா சொல்லணும்லா."

ரெண்டு நாளு பேசாம இருந்தேன். மூணாவது நாளு அவளே சூடா ஆமவடை கொண்டாந்து வச்சா. "எப்படிட்டி இருக்கு, நல்லா வந்திருக்கா?"ன்னு கேட்டேன். "வேகல, பசிச்சா சாப்பிடலாம்"னா. எனக்குச் சிரிப்பு பொத்துக்கிட்டு வந்துருச்சு. தன் மேலயும் அதே வாய்தான் வச்சிருந்தா. அதுக்கப்புறம் அவ மேல எனக்குக் கோவமே நிக்கல.

அவ மாமியா பட்ட பாடு தனி. பக்கத்துத் தெருவுல ஒரு சடங்கு வீடு. போனா செய்முறைன்னு பணம் வைக்கணுமேன்னு கெழவி காச்சல்னு சொல்லிப் படுத்துட்டா. மறுநாளு அந்த வீட்டுக்காரி வாசல்ல நின்னு, "அத்தைக்குக் காச்சலாமே, இப்பம் எப்படி இருக்கு?"ன்னு விசாரிக்கா. "காச்சல்லாம் இல்லையே. செய்முறை செய்யணுமேன்னு வரல"ன்னு இவ சொல்லியிருக்கா. சொன்னதோட விடல, "காப்பி குடிக்கியளா?"ன்னு வேற கேட்டிருக்கா. உள்ள கட்டில்ல கெடந்த கெழவிக்கு அப்பத்தான் நெசமாவே மேலு காஞ்சிருக்கும்.

அவ புருசனுக்கு மெயின் ரோட்டுல பெயிண்டுக் கடை. வெள்ளைச் சட்டை, மடிப்புக் கலையாத வேட்டி, குரலை உசத்தவே மாட்டான். வழியில பாத்தா, "என்ன மதினி, சௌக்கியமா?"ன்னு கேக்காமப் போக மாட்டான். ஒரு நாளு மதியம் சாப்பிட வீட்டுக்கு வந்தவன், ஒரு மணி நேரம் இவளைக் கடையில உக்கார வச்சிட்டு வந்திருக்கான். ஒருத்தர் வந்து, "இந்தப் பெயிண்டு நம்ம ஊரு வெயிலுக்குத் தாங்குமா?"ன்னு கேக்க, "தாங்காது, எங்க வீட்டுச் சுவத்துலயே உரிஞ்சுருச்சு"ன்னுட்டா. அன்னைக்கோட அவளுக்குக் கடை வாசல் மூடிருச்சு.

அதை அவன் கோவமாச் சொல்ல மாட்டான், அதுதான் அவன் சாமர்த்தியம். கடைக்கு வாரவங்ககிட்டயெல்லாம் சிரிச்சுக்கிட்டே சொல்லுவான். "எம் வீட்டுக்காரிகிட்ட மட்டும் எதையும் கேட்டுறாதீங்க அண்ணாச்சி. கழுத்துல கத்தி வச்சாலும் அவளுக்குப் பொய் வராது." கேக்குதப்போ எனக்குப் பெருமையா இருக்கும். பொண்டாட்டியப் பத்தி இப்படிச் சொல்லுத ஆம்பளை எங்க இருக்கான்னு நெனைச்சிருக்கேன். வெளங்காத மூளை எனக்கு.

ஒண்ணு சொல்லணும். கேட்டா சொல்லுவாளே தவிர, கேக்காததை அவளா ஒரு நாளும் சொன்னது கெடையாது. அடுத்த வீட்டுக் கதை, மாமியா கொடுமை, புருசன் கொறை, எதுவும் அவ வாயில இருந்து தானா விழாது. ரெண்டு மணி நேரம் எம் பக்கத்துல உக்காந்து ஊக்கு வச்சுக் குடுத்துட்டு, ஒரு வார்த்தை பேசாம எந்திரிச்சுப் போவா. "என்னட்டி, ஊமையா இருக்க?"ன்னா, "நீங்க ஒண்ணும் கேக்கலியேக்கா"ம்பா.

அவ வாக்கப்பட்டு வந்தது பொண்ணு குடுத்துப் பொண்ணு எடுத்த வகையில. அவளுக்கு ஓட்டப்பிடாரம் பக்கம் ஒரு கிராமம். இவ இங்கன வந்த அதே முகூர்த்தத்துல, இவ புருசனோட தங்கச்சி அங்கன போயி, இவ அண்ணனுக்கு வாக்கப்பட்டா. ரெண்டு சோடியும் ஒரே பந்தல். இப்படிச் செஞ்ச கல்யாணத்துல ஒரு கட்டு உண்டு. இங்கன இவளை ஒரு சொல்லு சொன்னா, அங்கன அவளுக்கு ரெண்டு சொல்லு விழும். இவளை அனுப்பிட்டா, அவளும் அன்னைக்கே பொட்டியோட வந்து எறங்கிருவா. அந்த மதினிக்காரி மேல இவளுக்கு உசுரு. ரொம்ப வருசம் பிள்ளை இல்லாம கெடந்து, நான் சொல்லப்போற சமயத்துலதான் வயித்துல தங்கியிருந்துச்சு. இவளுக்கு ஒரே மக. அப்பம் நாலாப்பு படிச்சிட்டிருந்தா. ரெட்டைச் சடையும் பல்லு விழுந்த வாயுமா எம் மிஷினுக்கு அடியில உக்காந்து வெட்டுத் துணி பொறுக்குவா.

அப்பத்தான் அவ புருசன் ஒரு காரு வாங்குனான். வாங்குனதோட டிரைவர் ஒருத்தனையும் வச்சான். அந்தப் பையனுக்கு முப்பது வயசு இருக்கும். கருத்த மேனி, களையான முகம், தலை குனிஞ்சு பேசுவான். "நான் கடையை விட்டு நகர முடியல. நீயே காட்டுக்குப் போயி உளுந்து எடுக்குததைப் பாத்துட்டு வா"ன்னு பொண்டாட்டிய அனுப்புதான். அவிய காடு எட்டயபுரம் போற வழியில உள்ள தள்ளி இருக்கு. தெருமுனைக் கடைக்கே அவளைத் தனியா விடாத குடும்பம் அது. அதை விட ஒண்ணு எனக்குச் சுருக்குன்னு தச்சுது. அவ பின் சீட்டுல ஏறப் போறா, புருசன்காரன் கேட்டுல நின்னுக்கிட்டு, "முன்னாடி உக்காந்துக்கோ, பின்னாடி ஏசி வராது"ங்கான். எந்த ஆம்பளை தன் பொண்டாட்டிய டிரைவர் பக்கத்துல உக்காரச் சொல்லுவான்? நான் மிஷினை நிறுத்திட்டுப் பாத்தேன். அவ முன் கதவைத் தெறந்து ஏறிட்டா.

கொஞ்ச நாள்ல ஆளு மாறிட்டா. ஒரு ரவிக்கை தைக்கணும்னு வந்தா, அளவெடுக்க டேப்பைப் போடுதேன். ஒடம்புல ஒரு மினுமினுப்பு. எத்தனையோ பொம்பளைகளுக்கு அளவெடுத்த கை இது, எவ சாப்பிடுதா, எவ தூங்கல, எவளுக்கு நாள் தள்ளிப் போயிருக்குன்னு டேப்பு போட்டதும் தெரிஞ்சிரும். "பின் கழுத்து கொஞ்சம் எறக்கி வைங்கக்கா"ங்கா. இத்தனை வருசத்துல வாயத் தெறந்து இப்படி ஒண்ணு கேட்டதில்ல. நான் கேலியாத்தான் கேட்டேன், "யாரு பாக்கட்டி எறக்கணும்? அந்த டிரைவரை உனக்குப் புடிச்சிருக்கா?"

கேட்டுட்டு நாக்கைக் கடிச்சுக்கிட்டேன். ஆனா கேட்டாச்சே.

"புடிச்சிருக்குக்கா"ன்னா.

அதுக்கப்புறம் நான் கேக்கக் கேக்க எல்லாம் சொன்னா. ஒரு நாளு காட்டுல நல்ல மழை. திரும்பி வரையில காரு சகதியில எறங்கிருச்சு. கரிசக்காடு நனைஞ்சா எப்படி இருக்கும்னு இந்தப் பக்கத்து ஆளுகளுக்குச் சொல்ல வேண்டாம், கால வச்சா காலை விடாது. அவன் பின்னாடி நின்னு தள்ளியிருக்கான், இவளும் எறங்கித் தள்ளியிருக்கா. தார் ரோட்டுக்கு வந்தப்புறம் அவன் இவளைக் கார் ஓரத்துல உக்கார வச்சு, கேன்ல இருந்த தண்ணிய ஊத்தி, முட்டி போட்டுக் காலைக் கழுவி விட்டிருக்கான்.

"வெரலுக்கு வெரலு நடுவுல இருக்க மண்ண வெரலை விட்டு எடுக்கான்க்கா. வேண்டாம்னு சொல்லணும்னு தெரியுது. சொல்லல. கார் கதவைப் புடிச்சுக்கிட்டு கண்ணை மூடிட்டேன். ஒருத்தர் கை பட்டா நான் கண்ண மூடுவேன்னு எனக்கே அப்பத்தான் தெரியும்."

"ஒம் புருசன்?"

"அவிய என்னையத் தொட்டது எம் மக பொறந்த வருசத்தோட சரி."

"அதுக்கு மேல ஏதும் நடந்துச்சா?"

"நடந்துச்சு. காட்டுல, மோட்டார் ரூமுல."

மோட்டார் ஓடிக்கிட்டு இருந்ததையும், தகரக் கதவு இடுக்கு வழியா வெயிலு அவன் முதுகுல கோடு கோடா விழுந்ததையும் அவ சொல்லையில, எனக்குத்தான் கூச்சமா இருந்துச்சு, அவளுக்கு இல்ல. அவன் சட்டையில பெட்ரோல் வாடையும் வேர்வையும் கலந்து இருக்குமாம். அது தன் முடியில ஒட்டிக்கிட்டு வந்துச்சுன்னு ரெண்டு நாளு தலைக்குத் தண்ணி ஊத்தாம இருந்திருக்கா. "பாவி மட்டை, பொம்பளப் பிள்ளைய வச்சிருக்க. இதோட நிறுத்திரு"ன்னு கையைப் புடிச்சுக் கெஞ்சுனேன். "நிறுத்தணும்னு தெரியுதுக்கா, நிறுத்த மனசு வரல"ன்னா. இதையாவது பொய்யாச் சொல்லித் தொலைச்சிருக்கலாம்.

ஒரு ஞாயித்துக்கெழமை பகல்ல பெரியவுகளைக் கூட்டிட்டான் புருசன்காரன். அவன் வீட்டு ஹால்லதான். அவன் பெரியப்பா, இன்னும் ரெண்டு மூணு பெரிய தலைக. அவ அண்ணனும் மதினியும் கிராமத்துல இருந்து வந்து எறங்குனாவ. மதினிக்கு நெறமாசம், படியேற முடியாம ஏறுனா. "எம் பொண்டாட்டிக்கும் டிரைவருக்கும் தொடுப்பு"ன்னு அவன் சொல்லியனுப்பியிருந்தான். எதுத்த வீட்டுக்காரிங்கறதால என்னையும் சாட்சிக்கு வரச் சொல்லியிருந்தான்.

நான் மொத அடுக்களைக்குத்தான் போனேன். அவ சுவரோட சாஞ்சு நின்னா. மக மாடியில டிவி பாத்துக்கிட்டு இருந்துச்சு.

"எம் பிள்ளைய எங்கிட்ட இருந்து பிரிச்சிருவாவளாக்கா?"ன்னு கேட்டா. அவ பயந்து நான் பாத்தது அன்னைக்குத்தான்.

"ஒருத்தனும் பிரிக்க மாட்டான். நான் பாத்துக்கிடுதேன். நீ வாயத் தெறக்காம உள்ளயே நில்லு. உங்கிட்ட எவனும் கேக்க மாட்டான். பொம்பளைகிட்ட எந்தச் சபையில கேட்டிருக்கான், இப்பம் கேக்க?"

மனசாரத்தான் சொன்னேன். அப்படித்தான நடக்கும் எல்லா எடத்துலயும்.

ஹால்ல டிரைவரை நிக்க வச்சிருந்தாவ. அவன் தரையப் பாத்துக்கிட்டே, "அவியதான் கூப்பிட்டாவ. நான் மாட்டேன்னுதான் சொன்னேன்"ன்னான். அவ அண்ணன் எந்திரிச்சு அவன் செவுட்டுல ஒண்ணு விட்டான். பெரியவுக புடிச்சு உக்கார வச்சாவ. அடுத்து எங்கிட்ட கேட்டாவ. "மிஷின்ல உக்காந்தா எனக்கு இந்த கேட்டுதான் தெரியும். எங் கண்ணுக்கு ஒரு தப்பும் தட்டுப்படல. தங்கமான பிள்ளை. அநியாயமா பழி போடாதீங்க"ன்னேன். கண்ணைச் சிமிட்டாம பொய் சொன்னேன். இன்னைக்குக் கூப்பிட்டாலும் போயி அதே பொய்யச் சொல்லுவேன்.

பெரியப்பா வெத்தலைய ஒதுக்கிட்டு, "கூலிக்கு வண்டி ஓட்டுத பய பேச்சை நம்பி குடும்பத்தைப் பிரிக்க முடியாது. இவனை வேலைய விட்டு வெரட்டு. இதோட முடிஞ்சுது. ஏம்மா, எல்லாருக்கும் காப்பி போடச் சொல்லுங்க"ன்னாரு. அவ அண்ணனுக்கு மூச்சு வந்துச்சு. மதினி வயித்தைப் புடிச்சுக்கிட்டு கண்ணைத் தொடைச்சா. நான் அடுக்களைப் பக்கம் திரும்பி, எல்லாம் சரியாப் போச்சுன்னு அவளுக்குக் கண்ணைக் காட்டுனேன்.

அப்பத்தான் அவன் பேசுனான். அதே மெதுவான குரலு.

"எதுக்குப் பெரியப்பா சாட்சியெல்லாம்? அவளையே கூப்பிட்டுக் கேளுங்க. அவ பொய் சொல்ல மாட்டா. இல்லன்னு சொல்லட்டும், நான் அவ கால்ல விழுதேன்."

பாவி, இத்தனை வருசம் ஊரெல்லாம் சொல்லிச் சிரிச்சது இதுக்குத்தானா? அவனுக்குச் சாட்சி தேவையில்ல, போட்டோ தேவையில்ல. அவளைக் கேட்டாப் போதும்னு அவனுக்குத் தெரிஞ்சிருக்கு.

அவ வந்து நின்னா. பெரியப்பாவுக்கே கேக்கப் புடிக்கல. "ஏம்மா, இவன் சொல்லுததுல உண்மை இருக்கா? இல்லன்னு ஒரு வார்த்தை சொல்லிரு தாயி"ன்னு, பதிலையும் அவரே எடுத்துக் குடுத்தாரு. அவ அண்ணனைப் பாத்தா. மதினியப் பாத்தா. மாடிப்படியப் பாத்தா. நான் அங்கன நின்னு வாயசைக்கேன், இல்லன்னு சொல்லு, இல்லன்னு சொல்லு. எனக்குக் கண்ணு நெறைஞ்சு அவ முகமே சரியாத் தெரியல.

"உண்மைதான்"னா.

அம்புட்டுதான். அவ அண்ணன் தலையில கைய வச்சவன் எடுக்கல. தப்பு பொம்பளைப் பக்கம்னு ஆனதால, அவன் பொண்டாட்டிய அனுப்ப வேண்டிய கட்டும் இல்லாமப் போச்சு. பிள்ளை தகப்பன்கிட்ட இருக்கணும்னு பேசி முடிச்சாவ. அவ ஒரு பையோட வெளிய வந்தப்போ, மக மாடிக் கம்பியப் புடிச்சுக்கிட்டு, "அம்மா, எங்க போற?"ன்னு கேட்டுச்சு. அதுக்கு மட்டும் அவளால பதில் சொல்ல முடியல. கூட்டிட்டுப் போயிட்டாவ.

வருசம் திரும்புததுக்குள்ள அவன் சிவகாசியில இருந்து இன்னொருத்தியக் கட்டிக்கிட்டு வந்துட்டான். ரொம்ப நாளாப் பழக்கமாம், பெயிண்டு ஏஜெண்டு மகளாம். அதுவாவது போகட்டும். ஒரு நாளு அவன் கடை வாசல்ல புது லோடு வண்டி ஒண்ணு வந்து நிக்கி. ஓட்டிட்டு வந்து எறங்குதவன் யாருங்கீங்க? அதே டிரைவர். வேலைய விட்டு வெரட்டச் சொன்ன ஆளு. முதலாளிகிட்ட சிரிச்சுப் பேசி டப்பா எறக்குதான். அங்கன நடு ரோட்டுல நின்னு எனக்கு முழுசும் வெளங்குச்சு. முன் சீட்டு, உளுந்துக் காடு, அம்புட்டும். நாசமாப் போறவன், தன் பொண்டாட்டிக்குத் தானே ஆளைப் பாத்து அனுப்பியிருக்கான். சும்மா தள்ளி விட்டா தங்கச்சி திரும்பி வந்துருவாளேன்னு, பழியையும் இவ தலையிலயே கட்டிட்டான்.

மறுநாளே பஸ் ஏறி அவ அண்ணன் ஊருக்குப் போனேன். வீட்டுப் பின்னாடி ஒத்தை ரூமுல இருந்தா. மதினிக்கு ஆம்பளப் பிள்ளை பொறந்து தவழ்ந்துக்கிட்டு இருந்துச்சு, அதைக் குளிப்பாட்டி விட்டுட்டு ஈரக் கையோட வந்தா. நான் மூச்சு விடாம எல்லாத்தையும் சொன்னேன். அவ கேட்டுக்கிட்டே இருந்தா. எனக்குச் சந்தேகம் தட்டுச்சு.

"ஏட்டி, உனக்கு இது தெரியுமா?"

"தெரியும்க்கா. காட்டுல ஒரு நாளு அவங்கிட்டயே கேட்டேன், உன்னைய அவிய அனுப்புனாவளான்னு. பதில் சொல்லல. எம் மடியில தலைய வச்சு அழுதான்."

"அதுக்கப்புறமும் போனியா?"

"போனேன்."

"ஏன்ட்டி?"

"அழுகை நெசமாத்தான்க்கா இருந்துச்சு."

எனக்கு அவளை அறையணும் போல இருந்துச்சு, கட்டிப் புடிச்சு அழணும் போலவும் இருந்துச்சு. "புருசன்தான் அவனை அனுப்புனான்னு சபையில சொல்லியிருக்கலாம்ல?"

"யாரும் கேக்கலியே. கேட்டிருந்தா சொல்லியிருப்பேன். சொல்லியிருந்தா மதினி அன்னைக்கே பொட்டி கட்டியிருப்பா, அந்த வயித்தோட. நல்ல வேளை, கேக்கல."

"அவன் உன்னைய மோசம் பண்ணிட்டான்ட்டி."

"அவன் பொய்யா வந்திருக்கலாம்க்கா. நான் பொய்யாப் போகலியே. எங்கிட்ட கேட்டது என்னையப் பத்தித்தான." சொல்லிட்டு, பிள்ளை அழுதுன்னு உள்ள போயிட்டா.

அதுக்குப் பின்னாடி கொஞ்ச காலம் கோவில்பட்டிக்கே வந்து கடலை மிட்டாய்க் கம்பெனியில பாக்கெட் போட்டுக்கிட்டு இருந்தா. மகளை எட்ட நின்னு பாக்கலாம்னு. பிள்ளையும் வயசுக்கு வந்து, தாவணி ரவிக்கை தைக்க எங்கிட்ட வர ஆரம்பிச்சது. நானே ஒரு நாளு ரெண்டு பேரையும் ஒரே நேரத்துக்கு வரச் சொன்னேன். பிள்ளை வெறைச்சுப் போயி நின்னுச்சு. அவ கையை நீட்டவும் இல்ல, மடக்கவும் இல்ல.

"அப்பா சொல்லுதது நெசமா?"ன்னு பிள்ளை கேட்டுச்சு. "நீ தப்பு பண்ணுனியா?"

நான் குறுக்க விழுந்து, "அதெல்லாம் இல்ல கண்ணு"ன்னு ஆரம்பிக்கேன். அவ என் கையை அமுக்கிட்டு, "நெசந்தாம்மா"ன்னா. பிள்ளை சைக்கிளை எடுத்துட்டுப் போனதுதான், அவ இந்த ஊருல இருந்த வரைக்கும் எம் வாசப்படி ஏறல.

"பெத்த பிள்ளைகிட்டயாவது மறைக்கக் கூடாதா? உனக்கெல்லாம் என்ன நெஞ்சுட்டி?"ன்னு கத்துனேன்.

"அவகிட்டப் போயி நான் பொய் சொல்லவா?"ன்னு கேட்டா. அந்த மாசமே திருப்பூருக்குப் போயி பனியன் கம்பெனியில சேந்துட்டா.

போன தை மாசம் அந்தப் பிள்ளைக்குக் கல்யாணம், மாப்பிள்ளை வெளியூரு. கல்யாண ரவிக்கைய எங்கிட்டதான் தைக்கக் குடுத்தா. அளவெடுத்து முடிச்சும் போகாம நின்னா. "பெரியம்மா, அம்மாவ வரச் சொல்லுங்க. பந்தியில இருந்தாப் போதும், மேடைப் பக்கம் வேண்டாம். மாப்பிள்ளை வீட்ல அம்மா இல்லன்னுதான் சொல்லியிருக்கு"ன்னா. செத்துப் போயிட்டான்னு சொல்லியிருக்காவ. அதைத்தான் அந்தப் பிள்ளை வாய் கூசி அப்படிச் சொல்லுது.

போன்ல சொன்னேன். வந்தா. முடி பாதி நரைச்சிருச்சு, கைத்தறிச் சேலை ஒண்ணு கட்டியிருந்தா. மண்டபத்துல பின்னாடி வழியாக் கூட்டிட்டுப் போயி கடைசி வரிசையில எம் பக்கத்துல உக்கார வச்சேன். தாலி கட்டுததை அங்கன மாட்டியிருந்த டிவிப் பொட்டியில பாத்தா. அவ கையை நான் புடிச்சிருந்தேன், வேர்த்துக் கெடந்துச்சு.

பந்தியில எலை போட்டாச்சு. மாப்பிள்ளையோட அம்மா, பொண்ணு மாப்பிள்ளைய முன்ன விட்டு, ஒவ்வொரு எலையா, "நல்லாச் சாப்பிடுங்க"ன்னு சொல்லிக்கிட்டே வருது. பின்னாடி அவ பழைய புருசன். எங்க எலைக்கு வந்ததும் அந்தம்மா நின்னுட்டாவ. இவ மூஞ்சியப் பாக்காவ, பொண்ணு மூஞ்சியப் பாக்காவ. அந்த மூக்கும் நாடியும் அச்சு அசலா ஒண்ணு.

"நீங்க பொண்ணுக்கு யாரு? சாடை அப்படியே இருக்கே?"

நான் பேச வாயெடுத்தேன், அந்தம்மா என்னையப் பாக்காம இவளையே பாக்காவ. புருசன்காரன் மூஞ்சி செத்துப் போச்சு. அந்த வெள்ளைச் சட்டை வேர்வையில நெஞ்சோட ஒட்டிக்கிட்டு, பேயடிச்சவனாட்டம் நிக்கான். அவளைக் கேட்டுட்டாவளே! கேட்டா என்ன ஆகும்னு அவனை விட யாருக்குத் தெரியும்? பொண்ணு மாலையோட அம்மாவையே பாத்துக்கிட்டு நிக்கி, கண்ணு சிமிட்டல.

அவ எலைய விட்டு எந்திரிச்சா. மகளை ஒரு பார்வை பாத்தா.

"நான் இந்த அக்கா கடையில ஊக்கு வைக்குதவம்மா. பொண்ணுக்கு ரவிக்கை நாங்கதான் தச்சோம். இந்தப் பிள்ளைக்கு அம்மா ரொம்ப நாளைக்கு முந்தியே போய்ட்டாவ, பாவம்"ன்னா. ஒரு தடங்கல் இல்ல, தெணறல் இல்ல.

"அப்படியா, உக்காந்து சாப்பிடுங்க"ன்னு அந்தம்மா அடுத்த எலைக்குப் போயிட்டாவ. பொண்ணு ஒரு மூச்சு விட்டுட்டு, மாலையச் சரி பண்ணிக்கிட்டு கூடவே போயிட்டா.

அவ உக்காந்து முழுசும் சாப்பிட்டா. பாயாசம் வரைக்கும் வாங்கிச் சாப்பிட்டா. கையைக் கழுவிட்டு, "வாரேங்க்கா, பஸ்ஸுக்கு நேரமாச்சு"ன்னா. பஸ் ஸ்டாண்டு வரைக்கும் ஆட்டோவுல நானும் போனேன். திருப்பூர் பஸ்ஸுல ஜன்னலோரம் உக்காந்துட்டு, என்னையக் கிட்டக் கூப்பிட்டா.

"அக்கா, நான் அப்படிச் சொன்னதும் எம் மக மூஞ்சியப் பாத்தீங்களா?"

"பாத்தேன்ட்டி."

"நிம்மதியா இருந்தாளா?"

நாள் பூராவும் பொய் சொல்லிப் பொழைக்குதவ நான். நாளைக்குத் தாரேம்பேன், தைக்க ஆரம்பிச்சிருக்க மாட்டேன். அவ ஜன்னல் கம்பிய ரெண்டு கையாலயும் புடிச்சுக்கிட்டு எம் வாயவே பாக்கா. இல்லட்டி, அந்தப் பிள்ளை தவிச்சுப் போச்சு, அழப் பாத்துச்சு, உன்னைய அம்மான்னு கூப்பிட வந்துச்சுன்னு சொல்லணும்னுதான் நெனச்சேன்.

"இருந்தாட்டி"ன்னேன்.

அவ தலைய ஆட்டிக்கிட்டா. பஸ் கெளம்பிருச்சு.